நெல் மண்டபத்தின் உட்சுவர்

ஓக்லி, மெல்பேண்
8 மார்ச் 1970

அன்புள்ள அம்மாவுக்கு,

இந்தக் கடிதத்திலும் இனி நான் எழுதப்போகும் எல்லாக் கடிதங்களிலும் நடந்ததை நடந்தபடியே எழுதுவேன் என்று முதலிலேயே அறிவித்துக்கொள்கிறேன். எனக்கு வெட்கமான விஷயங்களையும் விடமாட்டேன். நீங்களும் அப்படியே எழுத வேண்டும். ஜனவரியில் நீங்கள் அப்படிச் செய்யவில்லை. விமான நிலையத்தில், பெட்டியை நிறுக்கும் இடத்தில் வைத்துத்தான், "சித்திரை வருசத்துக்கு வந்திடுவன் எண்டு சொன்னனான் எல்லே, அது செப்டெம்பர் ஆகும் போல இருக்கு பிள்ளை" என்றீர்கள். அதற்குள் பெட்டி உள்ளே போய்விட்டது. அங்கே அழ இடமில்லை. வீட்டுக்கு வந்துதான் அழுதேன். இது முதலாவது உண்மை.

இரண்டாவது உண்மை அப்பாவின் புட்டு. நேற்று அவரே கரண்டியால் அதைத் தட்டிப் பார்த்துவிட்டு, "பிள்ளை, இது புட்டோ சீமெந்தோ? வடிவாப் பார்த்துச் சொல்லு" என்றார். பாடசாலையில் இரசாயனம் படிப்பிக்கிறவருக்குத் தண்ணீரின் அளவு தெரியாதா என்று கேட்டேன். "பரிசோதனைக்குழாய் எண்டால் தெரியும். புட்டுக்குழல் வேற சாதி" என்றார். சிரித்தோம். பிறகு இரண்டு பேரும் உங்கள் கதிரையைப் பார்த்தோம்.

வகுப்பில் ரீச்சர், உன் தாய் ஜப்பானில் என்ன செய்கிறார் என்று கேட்டார். நான் எழுந்து நின்று ஒழுங்காக விளக்கினேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஒசாகாவில் உலகக் கண்காட்சி திறக்கிறது. அதில் நெல் விளையும் நாடுகள் சில சேர்ந்து ஒரு நெல் மண்டபம் கட்டியிருக்கின்றன. சனம் எந்த வாசலால் போக வேண்டும், எந்தப் பக்கமாக நடக்க வேண்டும், எத்தனை நிமிடத்தில் வெளியே வர வேண்டும் என்று திட்டம் போடும் வேலை மெல்பேணில் உள்ள என் அம்மாவின் கந்தோருக்குக் கிடைத்தது. அந்தத் திட்டத்தை வரைந்தவர் என் அம்மா. இவ்வளவையும் கேட்டுவிட்டுப் பின்வரிசை வாங்கிலிருந்து ஒருத்தி, "அப்போ உன் அம்மா ட்ரஃபிக் பொலிஸா?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். நொரிகோ மட்டும் சிரிக்கவில்லை. அவள் கம்பளி வியாபாரத்துக்கு வந்திருக்கும் ஒரு ஜப்பானியரின் மகள். போன மாதம்தான் எங்கள் வகுப்பில் சேர்ந்தாள்.

உங்களில் எனக்கு இன்னும் கோபம்தான்.

இப்படிக்கு,
பவளம்


ஒசாகா
18 மார்ச் 1970

அன்பு மகள் பவளத்துக்கு,

உன் நிபந்தனையை ஏற்றுக்கொள்கிறேன். விமான நிலையத்தில் சொன்னது என் பிழை. வீட்டில் வைத்துச் சொல்ல மூன்று முறை வாயெடுத்தேன். மூன்று முறையும் நீ புத்தகத்திலிருந்து தலையைத் தூக்கி என்னைப் பார்த்தாய். அந்தப் பார்வைக்குப் பயந்துவிட்டேன்.

கண்காட்சி திறந்துவிட்டது. கை விறைக்கும் குளிர். அப்படியிருந்தும் விடியவே வாசலில் சனம். கொடிகளும் பலூன்களும் பிள்ளைகளும். நீ பார்த்திருந்தால் ஒரு கொப்பி நிறைய எழுதியிருப்பாய்.

எங்கள் மண்டபத்தைச் சொல்கிறேன். அது ஒரு காப்பு மாதிரி வட்டமானது. வெளியே ஒரு சுவர், உள்ளே ஒரு சுவர், நடுவே சனம் நடக்கும் பாதை. வெளிச்சுவரில் இருபத்துநான்கு நெடும்படங்கள், ஒவ்வொன்றும் குறுக்காகப் பன்னிரண்டு அடி நீளம். விதைநெல்லில் தொடங்கிக் கிண்ணத்துச் சோறுவரை ஒரு கதை. படத்திலேயே ஜப்பானிய எழுத்தில் கதையும் எழுதியிருக்கிறது. சனம் மின்படியில் ஏறி உள்ளே வந்து, வலமாக ஒரு சுற்றுச் சுற்றி, மற்ற வாசலால் இறங்க வேண்டும். நாற்பது நிமிடம் என்பது என் கணக்கு.

உண்மையைச் சொல்ல வேண்டுமல்லவா? முதல் நாள் ஒரு மணி ஐம்பது நிமிடம் எடுத்தது. உள்ளே நெரிசல், வெளியே வரிசை. நான் மேலே கண்ணாடி அறையில் இருந்து தலைகளை எண்ணிக்கொண்டிருந்தேன். தலைகள் நகரவே இல்லை. மண்டபத்துக்குப் பொறுப்பான மொரிமொட்டோ சான் என் பக்கத்தில் வந்து நின்றார். குனிந்து வணங்கினார். அவர் ஏதாவது சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

புதிதாகத் திறந்திருப்பதால் சனம் அதிகம், ஒரு கிழமையில் சரியாகும் என்கிறார்கள். முதற்படத்தின் சிறு பிரதி ஒன்றை இதனுடன் அனுப்புகிறேன். மடிப்பைப் பிரித்தால் உன் உயரத்தைவிட நீளம்.

அப்பாவிடம் சொல்லு, மாவுக்குத் தண்ணீரைத் தெளிக்க வேண்டும், ஊற்றக்கூடாது.

அன்புடன்,
அம்மா


ஓக்லி
27 மார்ச் 1970

அன்புள்ள அம்மாவுக்கு,

இதை எழுதுவதற்கு முன் இரண்டு தாள்களைக் கிழித்தேன்.

உங்கள் மண்டபத்தில் நெரிசல் என்று வாசித்தபோது எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இன்னும் நெரிந்தால் உங்களைத் திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று நினைத்தேன். அலுமாரிக்கு மேல் இருக்கும் பிள்ளையாரிடம், இன்னும் கொஞ்சம் நெரியட்டும் என்று கேட்டும்விட்டேன். ஒரு பூவும் வைத்தேன். அப்பா வந்து, "என்ன பிள்ளை, சோதினை வருதோ?" என்றார். "ஓம்" என்றேன். அது பொய். அதையும் எழுதிவிட்டேன்.

நீங்கள் அனுப்பிய படத்தை முன்கதவுக்கும் குசினிக்கும் இடையே உள்ள ஒடுக்கமான நடையில், என் கண் மட்டத்துக்கு ஒட்டியிருக்கிறேன். மிகவும் வடிவாக இருக்கிறது. ஒரு மனிதன் விதைநெல்லைத் தண்ணீரில் போட்டு மிதப்பதை அள்ளுகிறான். எழுத்துகள் மேலிருந்து கீழே ஒழுகுகின்றன. ஒன்றும் விளங்கவில்லை. ஆனாலும் தினமும் பாடசாலைக்குப் போகும்போது நின்று பார்க்கிறேன்.

அப்பா மாவுக்குத் தண்ணீரைத் தெளித்துப் பார்த்தார். இந்த முறை புட்டு மணல்.

பவளம்


ஒசாகா
6 ஏப்ரல் 1970

அன்பு மகள் பவளத்துக்கு,

உன் பிள்ளையார் நன்றாக வேலை செய்கிறார். இப்போது ஒரு சுற்றுக்கு இரண்டு மணி பத்து நிமிடம்.

உன்னை ஏசப் போவதில்லை. நானும் பதின்மூன்று வயதில் அப்படித்தான் கேட்டிருப்பேன்.

இங்கே என்ன நடக்கிறது என்று எழுதுகிறேன். பாதையை அகலமாக்கினோம், பலனில்லை. ஒரு தடவைக்கு உள்ளே விடும் சனத்தைப் பாதியாக்கினோம். வெளி வரிசை குளக்கரை வரை நீண்டது. இடமாகச் சுற்ற விடலாமா என்று ஒருவர் கேட்டார். வாசல்களை மாற்ற முடியாது. மின்படிகள் ஒரு பக்கம் ஏறத்தான் ஓடும், மறுபக்கம் இறங்கத்தான் ஓடும். அதோடு இடமாகச் சுற்றுவது என்ற பேச்சே எனக்குப் பிடிக்கவில்லை. எங்கள் சனம் எப்போது இடமாகச் சுற்றும் என்று உனக்குத் தெரியும்தானே, செத்தவீட்டில். அதை மொரிமொட்டோ சானுக்கு எப்படி விளங்கப்படுத்துவது?

ஏப்ரல் இருபத்தொன்பதில் இங்கே விடுமுறைக் கிழமை தொடங்குகிறது. அப்போது வரும் சனத்தோடு ஒப்பிட்டால் இப்போது வருவது ஒன்றுமே இல்லையாம். அதற்குள் சரிவராவிட்டால் வட்டப்பாதையை மூடிவிட்டு, வாசலிலேயே நாலு படத்தை வைத்துச் சனத்தை அனுப்பிவிடப் போகிறார்கள். மெல்பேண் கந்தோரும் சம்மதித்துத் தந்தி அடித்துவிட்டது. வட்டப்பாதை மூடினால் நான் மேமாதம் முதற்கிழமை வீட்டுக்கு வரலாம்.

எட்டு வருடம் மற்றவர்களின் வரைபடங்களுக்கு மை போட்டேன். கொழும்பில் மூன்று வருடம், மெல்பேணில் ஐந்து. மூலையில் என் பெயர் எழுதிய முதல் வரைபடம் இதுதான்.

நான் வீட்டுக்கு வருவது உனக்கு நல்ல செய்தி. நல்ல செய்தி போலவே எழுதப் பார்த்தேன். உன் நிபந்தனைப்படி முடியவில்லை.

அம்மா


ஓக்லி
16 ஏப்ரல் 1970

அன்புள்ள அம்மாவுக்கு,

இந்தக் கடிதத்துக்கு முன் என் தந்தி உங்களுக்குக் கிடைத்திருக்கும். தந்தியில் நிறைய எழுத அப்பா விடவில்லை. ஆகவே இதில் எல்லாவற்றையும் முறையாக எழுதுகிறேன்.

ஞாயிற்றுக்கிழமை, பன்னிரண்டாம் திகதி, நொரிகோவை மத்தியானச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தேன். முன்கதவால் வந்தாள், சப்பாத்தைக் கழற்றினாள். அப்போது படம் அவளுடைய இடது கைப்பக்கச் சுவரில் இருந்தது. நாங்கள் வழக்கமாக நின்று பார்க்கும் இடத்தில் அவள் நிற்கவில்லை. படத்தைப் பாராமலே அதன் மற்ற நுனி வரைக்கும், குசினிப் பக்கம், விறுவிறு என்று போனாள். அங்கே நின்று, திரும்பி, வாசித்துக்கொண்டே முன்கதவை நோக்கிப் பின்னால் பின்னால் வந்தாள். முடித்ததும் மறுபடி குசினிப் பக்கம் நடந்தாள்.

அந்த நேரம் பார்த்து அப்பா பருப்புச் சட்டியோடு எதிரே வந்தார்.

"ஐயோ! பிள்ளை, விலகு விலகு!"

நொரிகோ சுவரோடு ஒட்டிக்கொண்டாள். பருப்பில் பாதி அப்பாவின் சேட்டில். நொரிகோ பத்துத்தரம் மன்னிப்புக் கேட்டாள். அப்பா சட்டியைப் பிடித்துக்கொண்டு, "பரவாயில்லை பிள்ளை. அங்க ஒசாகாவில நெரிசல் எண்டு மனிசி எழுதியிருக்கிறா. இப்ப இஞ்ச எங்கட வீட்டு நடையிலயும் நெரிசல்" என்று தமிழிலேயே சொல்லிவிட்டுச் சிரித்தார்.

நான் சிரிக்கவில்லை. நொரிகோவிடம், ஏன் அந்த நுனிக்குப் போனாய் என்று கேட்டேன். அவள் என்னை ஒரு மாதிரிப் பார்த்து, "கதை அங்கேதானே தொடங்குகிறது" என்றாள். இந்த எழுத்தில் வரிகள் மேலிருந்து கீழே ஓடும், முதல் வரி வலது ஓரத்தில் இருக்கும், அடுத்தடுத்த வரிகள் இடப்பக்கமாகப் போகும் என்று விரலால் காட்டினாள். எல்லோருக்கும் தெரிந்ததுதானே என்றாள். எனக்குத் தெரியாது. உங்களுக்கும் தெரியாது, அம்மா.

நீங்கள் மண்டபத்தில் சனத்தை வலமாக நடத்துகிறீர்கள். படங்கள் வெளிச்சுவரில், அவர்களுடைய இடது கைப்பக்கம். ஒவ்வொரு படத்திலும் முதலில் வருவது முடிவு. அவர்கள் பன்னிரண்டு அடி கடந்து தொடக்கத்துக்குப் போகிறார்கள், வாசித்தபடி பன்னிரண்டு அடி பின்னால் வருகிறார்கள், அடுத்த படத்துக்குப் போக அதே பன்னிரண்டு அடியை மறுபடியும் நடக்கிறார்கள். ஒரு படத்துக்கு மூன்று நடை. நாற்பதை மூன்றால் பெருக்கினால் இரண்டு மணி. இரண்டு மணிக்கு மேலே உள்ள பத்து நிமிடம் பருப்புச் சட்டி.

இனி வெட்கமான பகுதி. இது எனக்கு ஞாயிற்றுக்கிழமையே தெரியும். இன்று வியாழக்கிழமை. இடையில் நான் ஒன்றும் செய்யவில்லை. சொல்லாவிட்டால் நீங்கள் மேமாதம் வந்துவிடுவீர்கள். செவ்வாய்க்கிழமை வருசப்பிறப்பு. அப்பா பொங்கினார், பால் அடுப்பெல்லாம் பொங்கி ஊற்றியது. உங்கள் கதிரையில் புதுச் சேலையை மடித்து வைத்தார். "அம்மா வந்து உடுப்பா" என்றார். "எப்ப?" என்றேன். "அவ வெண்டுபோட்டு வரேக்க" என்றார்.

அவருக்கு ஒன்றும் தெரியாது. நீங்கள் வென்று வருவீர்கள் என்று சும்மா சொன்னார். ஆனால் அதற்குப் பிறகு, நீங்கள் வரைபடத்தைச் சுருட்டிக் கையில் பிடித்துக்கொண்டு விமானத்தால் இறங்கி வருவது அப்படியே கண்ணுக்குள் நின்றது. அப்படி வரும் அம்மாவை நான் கேட்கவில்லை.

நேற்று முழுவதும் யோசித்தேன். இடமாகச் சுற்றக்கூடாது, வாசலை மாற்ற முடியாது, எழுத்தையும் மாற்ற முடியாது. பிறகு ஓர் ஆரஞ்சுப் பழத்தைச் சுற்றிக் காகிதத்தை ஒட்டி, மேசையில் வைத்து, விரலால் வலம் வந்து பார்த்தேன். அம்மா, கோயிலில் நாங்கள் வெளிமதிலைப் பார்த்துக்கொண்டா வீதி சுற்றுகிறோம்? சாமி உள்ளே, வலது கைப்பக்கம் அல்லவா? படங்களை உட்சுவரில் மாட்டுங்கள். வலமாக நடக்கிறவன் உட்சுவரைப் பார்த்தால், அவன் வலதிலிருந்து இடதுக்குப் போகிறான். எழுத்தும் அப்படியே போகிறது. வாசலை அசைக்க வேண்டாம். ஒருவரும் பின்னால் வரமாட்டார்கள்.

அப்பாவைக் குசினியிலிருந்து கூப்பிட்டுப் பழத்தைக் காட்டினேன். மூன்று தடவை சுற்றிப் பார்த்தார். "சேட்டை மாத்திப்போட்டு வாறன். தந்திக் கந்தோர் பூட்டப் போறான்" என்றார். இருவரும் ஓடினோம்.

நாலு நாள் பிந்தியதற்கு என்னை மன்னியுங்கள்.

பவளம்


ஒசாகா
30 ஏப்ரல் 1970

என் பவளம்,

முப்பத்தெட்டு நிமிடம்!

முப்பத்தெட்டு. நேற்று, விடுமுறையின் முதல் நாள், கண்காட்சி முழுதும் தலைக்கறுப்பாக இருந்தபோது, எங்கள் மண்டபத்தில் முப்பத்தெட்டு நிமிடம். நான் போட்ட கணக்கைவிட இரண்டு குறைவு.

உன் தந்தியை நான் கண்ணாடி அறையில் நின்று வாசித்தேன். "படங்கள் உட்சுவரில். சாமி உள்ளே. வலம் சரி." தந்திக்காரன் ஆங்கிலத்தில் அடித்திருந்ததை மொரிமொட்டோ சான் இரண்டு தரம் வாசித்துவிட்டு, சாமி யார் என்று கேட்டார். நான் அதற்குள் கீழே இறங்கி ஓடினேன். ஐந்து கிழமையாக மேலே நின்று தலைகளை எண்ணியிருக்கிறேன். முகங்கள் எந்தப் பக்கம் திரும்பியிருக்கின்றன என்று ஒருநாளும் பார்க்கவில்லை. இறங்கிச் சனத்தோடு சனமாக நின்ற ஐந்தாவது நிமிடத்தில், ஒரு தகப்பன் மகனைத் தோளில் வைத்துக்கொண்டு என் காலை மிதித்துப் பின்னால் வந்தார். நொரிகோவைக் கண்ட மாதிரி இருந்தது. அந்த மனிதரைக் கட்டிப்பிடிக்காத குறை.

நான் ஏன் வலமாக வரைந்தேன் என்று யோசித்துப் பார்த்தேன். ஒரு காரணமும் இல்லை. பென்சிலைத் தாளில் வைத்தேன், அது தானாக வலமாகப் போனது. கோயிலைச் சுற்றிய காலின் பழக்கம் கைக்கு வந்துவிட்டது. பாதிப் பழக்கம்தான் வந்தது. மற்றப் பாதியை நீ பழத்தில் கண்டுபிடித்தாய்.

மெல்பேணில் வரைந்த நாங்கள் எழுத்தைப் பார்க்கவில்லை. எழுத்தை எழுதியவர்கள் சுவரைப் பார்க்கவில்லை. படங்கள் திறப்புக்கு நாலு நாள் முன்னர்தான் வந்தன. ஒருவரும் முதலிலிருந்து கடைசிவரை ஒரு தரம் நடந்து பார்க்கவில்லை.

முதலில் ஒரு படத்தை மட்டும் மாற்றிப் பார்க்க மொரிமொட்டோ சான் சம்மதித்தார். கடிகாரத்தோடு நின்றோம். பாதி நேரமும் எடுக்கவில்லை. அவர் கடிகாரத்தைக் காதில் வைத்து, ஓடுகிறதா என்று கேட்டுப் பார்த்தார்! மற்றவற்றை அடுத்த நாட்களில், சனம் போன பிறகு மாற்றினோம். உட்சுவர் சிறியது, பதினாறு படங்களுக்குத்தான் இடம். எட்டை எடுத்துவிட வேண்டியிருந்தது. எலிகள் வரும் படத்தை எடுக்க எனக்கு மனமில்லை, ஆனாலும் எடுத்தோம்.

நேற்று மாலை மொரிமொட்டோ சான் என் வரைபடத்தை மேசையில் விரித்தார். மூலையில், திருத்தங்களைப் பதியும் கட்டத்தில், யார் திருத்தியது என்று எழுத வேண்டும். என்னிடம் பேனையை நீட்டினார். நான் உன் பெயரினதும் அப்பாவின் பெயரினதும் முதலெழுத்துகளை ஆங்கிலத்தில் போட்டேன். "பி. ஏ., மெல்பேண்." அது எந்த எஞ்சினியர் என்று கேட்டார். எங்கள் கந்தோரில் இல்லை, வீட்டில் இருக்கிறா, வயது பதின்மூன்று என்றேன். அவர் கதிரையிலிருந்து எழுந்து, மெல்பேண் எந்தத் திசை என்று என்னிடம் கேட்டு, அந்தப் பக்கம் பார்த்து வணங்கினார். நான் காட்டிய திசை சரியோ தெரியாது. கண்ணீர் மறைத்துவிட்டது.

மேமாதம் வரமாட்டேன் என்பது உனக்குத் தெரிந்திருக்கும். தெரிந்துகொண்டுதான் தந்தி அடித்தாய். நாலு நாள் பிந்தியது என்று எழுதியிருக்கிறாய். எனக்கு அது சரியான நேரத்துக்குத்தான் வந்தது.

அம்மா


ஓக்லி
9 மே 1970

அன்புள்ள அம்மாவுக்கு,

உங்கள் கடிதத்தை அப்பா உரத்து வாசித்தார். "மெல்பேண் எந்தத் திசை" என்ற இடத்தில் நிறுத்திவிட்டுக் குசினிக்குப் போய், வெங்காயம் உரிக்கிறேன் என்றார். குசினியில் வெங்காயம் முடிந்து இரண்டு நாள். இது உண்மை, நான் பார்த்தேன்.

வகுப்பில் என்னை எழுப்பி முழுவதையும் சொல்லச் சொன்னார்கள். ஆரஞ்சுப் பழத்தோடு சொன்னேன். பின்வரிசைக்காரி பழத்தை வாங்கிச் சுற்றிப் பார்த்தாள், பிறகு உரித்துத் தின்றாள். "உன் அம்மா ட்ரஃபிக் பொலிஸ் இல்லை, இன்ஸ்பெக்டர்" என்றாள். நொரிகோவும் நானும் அவளுக்குக் கைதட்டினோம். நடையில் படத்தை எதிர்ச்சுவருக்கு மாற்றிவிட்டேன்.

எனக்கு இப்போது கோபம் இல்லை. ஆனால் ஒரு நிபந்தனை உண்டு. செப்டெம்பர் வரை இருங்கள், கடைசி ஆள் போகும்வரை இருங்கள், மண்டபத்தின் விளக்குகளை நீங்களே அணைத்துவிட்டு வாருங்கள். வேறு யாரும் அணைக்கக்கூடாது. என் முதலெழுத்து உள்ளே இருக்கிறது.

பி. ஏ.


ஓக்லி
13 செப்டெம்பர் 1970, ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள அம்மாவுக்கு,

இதைத் தபாலில் போட மாட்டேன். புதன்கிழமை விமான நிலையத்தில், உங்கள் பெட்டி வந்து சேரும் இடத்தில் வைத்து, கையில் தருவேன்.

உங்கள் கடைசிக் கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. பதினெட்டு இலட்சம் சனம் எங்கள் நெல் மண்டபத்தை வலம் வந்திருக்கிறார்கள் என்று வாசித்துவிட்டு, அப்பா அந்த எண்ணைக் குசினிக் கதவில் சோக்கால் எழுதினார். அழிக்க விடமாட்டேன். மொரிமொட்டோ சான் விளக்குச் சுவிட்சை உங்களிடமே விட்டுவிட்டாராம். அங்கே ஆறு மணிக்கு. அப்படியென்றால் இங்கே ஏழு. அதையும் இரண்டு தரம் சரிபார்த்தேன்.

இன்றைக்கு அப்பா புட்டு அவித்தார். பூப்போல இருந்தது. நான் பொய் சொல்லமாட்டேன் என்று உங்களுக்குத் தெரியும். ஆறு மாதமும் பத்து இறாத்தல் மாவும் சென்றன, ஆனால் வென்றுவிட்டார். நொரிகோ மூன்று முறை வாங்கிச் சாப்பிட்டாள். இப்போது அவள் முன்கதவுச் சுவிட்சில் கை வைத்து நிற்கிறாள், அப்பா குசினிச் சுவிட்சில் கை வைத்திருக்கிறார், நான் நடையின் நடுவே படத்தின் கீழ் தரையில் இருந்து, மடியில் தாளையும் டோர்ச்சையும் வைத்துக்கொண்டு எழுதுகிறேன். புதுச் சேலை கதிரையில் இருக்கிறது.

"பிள்ளை, எத்தினை மணி?"

"இன்னும் ஒரு நிமிசம் அப்பா."

"கொம்மா அங்க பிந்திப்போட்டா எண்டால்?"

"அம்மா பிந்தமாட்டா."

ஏழு மணி. என் டோர்ச்சும் சேர்த்து மூன்று சுவிட்சும் ஒன்றாகச் சத்தம் போட்டன. அங்கே மண்டபத்திலும் இங்கே வீட்டிலும் விளக்குகள் அணைக்கப்பட்டன.